குளிருக்கு ஒரு குவளை: ஆரஞ்சு மசாலா டீயின் ஆச்சரியங்கள் தெரியுமா?

மார்கழி பிறந்துவிட்டால் போதும், தெருமுனைத் தள்ளுவண்டிகளில் ஆரஞ்சு குவிந்துவிடும். அதே மாதத்தில்தான் வீட்டுக்கு வீடு தும்மலும் தொண்டைக் கரகரப்பும் வந்து உட்காரும். இஞ்சியைத் தட்டிப் போட்டு, பட்டை, கிராம்பு, ஏலக்காயைக் கொதிக்கவிட்டு, டீ இலை சேர்த்து, ஆரஞ்சும் எலுமிச்சையும் பிழிந்து ஒரு குவளை குடித்தால் உடம்பு கதகதவென்று ஆகிறது. இது எல்லோருக்கும் தெரியும். ஆனால் அந்தக் கதகதப்பு உண்மையில் எங்கே பிறக்கிறது தெரியுமா? எலுமிச்சையைக் கடைசியில் சேர்ப்பது ஏன் தெரியுமா? இந்தக் கால் மணி நேர வேலைக்குள் 80 லட்சம் ஆண்டு வரலாறு, இரண்டு நோபல் பரிசுகள், ஒரு பார்வோனின் மூக்கு, ஒரு விண்வெளிப் பயணம் எல்லாம் அடங்கியிருக்கின்றன! வாருங்கள், டீ போடும் வரிசையிலேயே ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

எலுமிச்சையும் ஆரஞ்சும் பங்காளிகள், தெரியுமா?

கடையில் எலுமிச்சை, ஆரஞ்சு, சாத்துக்குடி, பம்பளிமாஸ் என்று தனித்தனிக் கூடையில் வைத்திருக்கிறார்கள். ஆனால் இவற்றின் பூர்வீகம் ஒன்றே! 2018-இல் ‘நேச்சர்’ இதழில் வெளியான மரபணு ஆய்வு, இந்த வம்சம் முழுவதும் இமயமலையின் தென்கிழக்கு அடிவாரத்தில், அதாவது அஸ்ஸாமின் கிழக்குப் பகுதி, வட மியான்மர், சீனாவின் மேற்கு யுன்னான் ஆகியவை சேரும் இடத்தில், சுமார் 80 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பு கிளைத்துப் பரவியது என்கிறது. அங்கிருந்து கிளம்பிய மூத்த இனங்கள் ஒன்றோடொன்று கலந்து கலந்துதான் இன்றைய பழங்கள் வந்தன. இனிப்பு ஆரஞ்சு யார் பிள்ளை தெரியுமா? பம்பளிமாஸுக்கும் மேண்டரின் என்ற பழத்துக்கும் பிறந்த கலப்பு! நம் சந்தையில் எலுமிச்சை என்று விற்கும் சின்ன உருண்டைப் பழத்துக்கும், வெளிநாட்டுப் படங்களில் பார்க்கும் நீண்ட மஞ்சள் லெமனுக்கும் தாயோ தகப்பனோ ‘சிட்ரான்’ என்ற தடித்தோல் பழம். மற்ற பாதி இரண்டுக்கும் வேறு வேறு. அதனால்தான் மணமும் வேறாக இருக்கிறது.

இந்த வம்சத்தின் காட்டு உறவு ஒன்று இன்னும் உயிரோடு இருக்கிறது! மேகாலயாவின் காரோ மலையில், நோக்ரெக் காட்டுக்குள், ‘சிட்ரஸ் இண்டிகா’ என்ற காட்டு ஆரஞ்சு வளர்கிறது. அதைக் காப்பதற்கென்றே அங்கே ஒரு மரபணுக் காப்பகம் ஒதுக்கியிருக்கிறார்கள். அஸ்ஸாம் இன்னும் ஒரு படி மேலே போய், 2024-இல் தன் ஊர் ‘காஜி நேமு’ எலுமிச்சையை மாநிலப் பழமாகவே அறிவித்துவிட்டது.

இன்னொன்று கேளுங்கள். ஆரஞ்சு பழுத்தால் ஆரஞ்சு நிறமாக வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை! இரவுகள் குளிர்ந்தால்தான் தோலில் இருக்கும் பச்சையம் சிதைந்து நிறம் வெளியே தெரியும். வெப்பமான சமவெளிகளில் பழம் உள்ளே தேனாய் இனித்தாலும் வெளியே பச்சையாகவே இருக்கும். பச்சைத் தோல் என்று ஒதுக்கிய பழம்தான் அந்தக் கூடையிலேயே நல்ல பழமாகவும் இருந்திருக்கலாம். கையில் எடுத்துப் பாருங்கள். அளவுக்கு மீறிய கனம் இருந்தால் சாறு நிறைய இருக்கிறது என்று அர்த்தம்.

தோலுக்குள் தீப்பொறி!

ஆரஞ்சுத் தோலைச் சற்று வெளிச்சத்தில் வைத்து உற்றுப் பாருங்கள். ஊசி முனை அளவுக்குப் புள்ளி புள்ளியாகக் குழிகள் தெரிகின்றன அல்லவா? ஒவ்வொன்றும் ஓர் எண்ணெய்ப் பை! தோலை மடக்கி அழுத்தினால் அந்தப் பைகள் உடைந்து மெல்லிய சாரல் பீய்ச்சி அடிக்கிறது. பள்ளிக்கூட நாளில் பக்கத்து இருக்கைக்காரன் கண்ணில் பீய்ச்சிவிட்டு ஓடினோமே, அதே சாரல்தான். அதில் பெரும்பங்கு லிமோனீன் என்ற எண்ணெய். அது எரியும்! பெரியவர்கள் பக்கத்தில் இருக்கும்போது, எரியும் மெழுகுவத்திச் சுடருக்கு எதிரே தோலை மடக்கிப் பிழிந்து பாருங்கள். படபடவென்று குட்டித் தீப்பொறிகள் பறக்கும். ஊதிய ரப்பர் பலூன் மீது பிழிந்தால் என்ன ஆகும் தெரியுமா? ரப்பரை அந்த எண்ணெய் அரித்துவிடுவதால் பலூன் டமார்! தெர்மாகோலையும் அது கரைத்துவிடும். ஆகவே தோல் போட்ட டீயைத் தெர்மாகோல் கப்பில் ஊற்றவே ஊற்றாதீர்கள். பீங்கானோ எவர்சில்வரோ, வீட்டில் இருக்கும் குவளையே உத்தமம்.

சத்து எங்கே அதிகம் என்று கேட்டால் பெரும்பாலோர் சாற்றைக் காட்டுவார்கள். எடைக்கு எடை பார்த்தால் வைட்டமின் சி தோலில்தான் அதிகம்! 100 கிராம் ஆரஞ்சுச் சுளையில் 50 மில்லிகிராமுக்குக் கொஞ்சம் மேலே. 100 கிராம் தோலில் 130 மில்லிகிராமுக்கும் மேல். அவ்வளவு தோலை யாரும் தின்னப் போவதில்லை, ஆனாலும் டீக்கு மணம் தரப் போவது சாறு அல்ல, தோல்தான். பீலரால் மேலே உள்ள நிறப்பகுதியை மட்டும் மெல்லச் சீவி எடுங்கள். கீழே இருக்கும் வெள்ளைப் பகுதி கசப்பின் குடோன். அது கூட வந்தால் டீ கெட்டுவிடும். கடை ஆரஞ்சுக்கு மெழுகுப் பூச்சும் மருந்துத் தெளிப்பும் இருக்கக்கூடும் என்பதால் சீவும் முன் வெதுவெதுப்பான தண்ணீரில் நன்றாகத் தேய்த்துக் கழுவிவிடுங்கள்.

உடம்பு சூடாகிறதா, சூடானதாக நினைக்கிறதா?

இப்போது அடுப்பைப் பற்ற வைக்கலாம். தண்ணீரில் முதலில் விழ வேண்டியது இஞ்சி. எனக்கு இந்த டீயில் இருக்கும் எல்லா அதிசயங்களிலும் பெரிய அதிசயம் இதுதான்!

நம் நாக்கிலும் தொண்டையிலும் தோலிலும் டி.ஆர்.பி.வி.1 என்று ஒரு புரதம் இருக்கிறது. சுமார் 43 டிகிரி செல்சியஸுக்கு மேல் வெப்பம் பட்டால் அது திறந்துகொள்ளும். நரம்பு வழியாக மூளைக்கு ‘சூடு’ என்று தகவல் ஓடும். இதே புரதத்தை மிளகாயின் காரப் பொருளும் திறந்துவிடுகிறது! மிளகின் பைப்பரின் திறக்கிறது. இஞ்சியின் ஜிஞ்சரால் திறக்கிறது. மூளைக்கு வெந்நீரா இஞ்சியா என்று பிரித்துப் பார்க்கத் தெரிவதில்லை. ‘சூடு, சூடு’ என்றே முடிவு கட்டுகிறது. ஆறிப்போன இஞ்சிச் சாறு குடித்தாலும் தொண்டை எரிந்து நெஞ்சு கதகதப்பாவது இதனால்தான். மிளகாயை வைத்தே இந்தப் புரதத்தை 1997-இல் கண்டுபிடித்த அமெரிக்க விஞ்ஞானி டேவிட் ஜூலியஸுக்கு 2021-இல் மருத்துவ நோபல் பரிசு, ஆர்டெம் படபூட்டியனோடு சேர்த்துக் கிடைத்தது. நம் பாட்டிமார் கஷாயம் வைத்துக் கொடுத்தபோது நமக்குள் நடந்தது என்ன என்பதற்கான விடை அந்தப் பரிசுக்குள் இருக்கிறது!

அப்படியானால் பச்சை இஞ்சி நல்லதா, சுக்கு நல்லதா? காரம் எதில் அதிகம் தெரியுமா? சுக்கில்! இஞ்சி காயக் காய, ஜிஞ்சரால் நீரிழந்து ஷோகால் என்ற பொருளாக மாறுகிறது. அதன் காரம் ஏறக்குறைய இரண்டு மடங்கு. மாறாக, இஞ்சியை நெடுநேரம் வேகவைத்தால் ஜிஞ்சராலின் ஒரு பகுதி ஜிஞ்சரோன் ஆகி, காரம் தணிந்து இனிய வாசனை வருகிறது. ஒரே கிழங்கு, மூன்று குணம். தொண்டை கட்டியிருந்தால் சுக்கைத் தட்டிப் போடுங்கள். சும்மா மாலை நேரத்துக்கு என்றால் பச்சை இஞ்சியை நசுக்கிப் போடுங்கள். இரண்டையும் பாதிப் பாதி போட்டால் இன்னும் சிறப்பு என்பது என் தீர்மானமான கட்சி. தோல் சீவாமல் மட்டும் போடாதீர்கள். சுக்குக்குத் தோலில்தான் நஞ்சு என்று நம் சித்த மருத்துவம் திரும்பத் திரும்பச் சொல்கிறது.

இஞ்சி வேர் அல்ல, மண்ணுக்குள் படுத்து வளரும் தண்டு, தெரியுமா? காட்டில் தானாக முளைத்த இஞ்சி என்று ஒன்று இன்று கிடையாது. மனிதர் நட்டால்தான் உண்டு. 14-ஆம் நூற்றாண்டில் கோழிக்கோட்டுத் துறைமுகத்தில் சீனக் கப்பல்களைப் பார்த்த பயணி இபின் பதூதா, மாலுமிகள் கப்பலிலேயே மரத்தொட்டிகளில் கீரையோடு இஞ்சியும் பயிரிட்டதை எழுதிவைத்திருக்கிறார். நடுக்கடலிலும் இஞ்சித் தோட்டம்!

அஞ்சறைப் பெட்டியில் உலக வரலாறு

இஞ்சி ஒரு கொதி வந்ததும் மிளகு. ஆறே ஆறு மிளகு போதும், ஒன்றிரண்டாகத் தட்டி. கி.மு. 1213-இல் இறந்த எகிப்தின் பார்வோன் இரண்டாம் ராம்சேஸின் மம்மியைச் சோதித்தபோது அதன் மூக்குத் துவாரத்தில் என்ன இருந்தது தெரியுமா? மிளகு! மேற்குத் தொடர்ச்சி மலைக் கொடியில் காய்த்தது எப்படியோ நைல் நதிக்கரை வரை போயிருக்கிறது. செங்கடல் ஓரத்துப் பெரெனிகே துறைமுகத்தில், கோயில் ஒன்றின் தரையில் புதைந்திருந்த இந்தியப் பானைக்குள் ஏழரைக் கிலோ மிளகு அப்படியே கிடைத்தது. அதே பெரெனிகேயில் தமிழ் பிராமி எழுத்துப் பொறித்த பானை ஓடும் கிடைத்திருக்கிறது. கி.பி. 408-இல் ரோமை முற்றுகையிட்ட அலாரிக், விலகிப் போவதற்குக் கேட்ட பொருள்களில் தங்கம், வெள்ளி, பட்டோடு 3,000 பவுண்டு மிளகும் ஒன்று. இன்று அதைத் தட்டிக் கஷாயத்தில் போடுகிறோம், ரசத்தில் போடுகிறோம், வெண்பொங்கலில் ஓரமாக ஒதுக்கியும் வைக்கிறோம்!

அடுத்தது பட்டை. இங்கேதான் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். நம் ஊர் மளிகைக் கடையில் சாதாரணமாகப் பட்டை என்று கிடைப்பது பெரும்பாலும் கேசியா என்ற உறவுக்காரப் பட்டை; தடிமனாக, ஒரே வளைவாக, கல் மாதிரி இருக்கும். உண்மையான இலவங்கப் பட்டை இலங்கையில் விளைவது. அங்குள்ள தமிழர் கறுவா என்பார்கள். காலி, மாத்தறைப் பக்கத் தொழிலாளிகள் கிளையின் மேற்தோலைச் சுரண்டிவிட்டு, உள்பட்டையைப் பித்தளைக் கோலால் அழுத்தித் தேய்த்து இளக்கி, கிழியாமல் உரித்தெடுத்து, ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்கிச் சுருட்டி நிழலில் காயவைக்கிறார்கள். முறித்துப் பார்த்தால் உள்ளே சுருட்டுப் போல மெல்லிய அடுக்குகள் தெரியும், கையாலேயே நொறுங்கும். ‘ஆல்பா’ என்ற உயர்தரக் கறுவாவின் விட்டம் 6 மில்லிமீட்டர்கூட இருக்காது! 2022-இல் ஐரோப்பிய ஒன்றியம் இலங்கைக் கறுவாவுக்குப் புவிசார் பாதுகாப்பு கொடுத்தது.

இரண்டுக்கும் வேறுபாடு மணத்தோடு நிற்பதில்லை. கேசியாவில் கூமரின் என்ற பொருள் கணிசமாக இருக்கிறது. அளவு மீறினால் சிலருக்குக் கல்லீரலைப் பாதிக்கும். உடல் எடையில் ஒரு கிலோவுக்கு நாளொன்றுக்கு 0.1 மில்லிகிராம் என்பது ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் வகுத்த வரம்பு. கறுவாவில் அது மிக மிகக் குறைவு. என்றாவது ஒருநாள் பிரியாணிக்குப் போடுவதற்குக் கேசியா போதும். தினமும் டீயில் போட்டுக் குடிப்பவர்கள் கடைக்காரரிடம் ‘சுருள் பட்டை’ என்று கேட்டு வாங்குங்கள். விலை கூடத்தான், வாங்கலாம்.

பழங்காலத்தில் இந்தப் பட்டை எங்கே விளைகிறது என்ற ரகசியத்தை அரபு வணிகர்கள் எப்படிக் காத்தார்கள் தெரியுமா? பெரிய பறவைகள் எங்கிருந்தோ பட்டைக் குச்சிகளைக் கொண்டுவந்து மலையுச்சியில் கூடு கட்டும்; கீழே பெரிய பெரிய இறைச்சித் துண்டுகளைப் போட்டால் பறவை அதைத் தூக்கிப் போய்க் கூட்டில் வைக்கும்; கனம் தாங்காமல் கூடு சரியும்; விழுந்த பட்டையைப் பொறுக்கிக்கொள்ள வேண்டியதுதான்! இந்தக் கதையை கி.மு. 5-ஆம் நூற்றாண்டில் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் பதிவுசெய்திருக்கிறார்.

கிராம்பு ஒரு பூ மொட்டு! விரிவதற்குள் பறித்துவிட வேண்டும், விரிந்தால் போச்சு. ஒரு காலத்தில் உலகத்திலேயே இந்தோனேசியாவின் மலுக்குத் தீவுகளில் மட்டும், அதுவும் விரல்விட்டு எண்ணக்கூடிய சில எரிமலைத் தீவுகளில் மட்டும்தான் இது விளைந்தது. சீன ஹான் அரசவையில் பேரரசர் முன் பேசப் போகும் அதிகாரிகள் வாய் மணக்கக் கிராம்பை அடக்கிக்கொள்ள வேண்டும் என்பது வழக்கம். டச்சுக்காரர்கள் ஏகபோகத்துக்காகத் தங்கள் கட்டுப்பாட்டுக்கு வெளியே இருந்த மரங்களை வெட்டித் தள்ளினார்கள். 1770-இல் பியேர் புவாவ்ர் என்ற பிரெஞ்சுக்காரரின் முயற்சியால் நாற்றுகள் கடத்தப்பட்டு மொரிஷியஸ் போய்ச் சேர்ந்தன. நமக்கு நெருக்கமான செய்தி இன்னொன்று: இலங்கையின் மன்னார் மாவட்டத்து மாந்தைத் துறைமுக அகழாய்வில் சுமார் 1,000 ஆண்டுகளுக்கு முந்தைய ஒற்றைக் கிராம்பு ஒன்று கிடைத்திருக்கிறது! எந்த வணிகரின் மூட்டையிலிருந்து தவறி விழுந்ததோ. இன்று நம் குமரி மாவட்ட மலைத் தோட்டங்களில் விளையும் கிராம்புக்குப் புவிசார் குறியீடே இருக்கிறது. நான்கு போடுங்கள், ஐந்தாவது வேண்டாம். கிராம்பு மிஞ்சினால் பல் மருத்துவர் அறை வாசனை வந்துவிடும். இரண்டு வாசனைக்கும் காரணம் ஒன்றே, யூஜினால் என்ற எண்ணெய்ப் பொருள்.

ஏலக்காய்க்கு உலகின் பெரிய ஏலச் சந்தைகளில் ஒன்று நம் போடிநாயக்கனூரில் இருக்கிறது. ஆனால் இன்று அதிகம் விளைவிக்கும் நாடு எது தெரியுமா? மத்திய அமெரிக்காவின் குவாதமாலா! அன்னாசிப்பூ பிடித்தால் ஒன்றே ஒன்று போடலாம். ஃப்ளூ காய்ச்சலுக்கான டாமிஃப்ளூ மருந்தைத் தயாரிக்க அதிலிருக்கும் ஷிகிமிக் அமிலம்தான் மூலப்பொருளாக இருந்தது என்றால் நம்புவீர்களா? அதற்காக அன்னாசிப்பூ டீ குடித்தால் ஃப்ளூ போய்விடும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். அந்த அமிலம் மருந்தாவதற்குப் பல படி வேதிவினை வேண்டும்.

டீ இலை: அடுப்பை அணைத்த பிறகு

டீ டப்பாவில் ‘ஆரஞ்சு பெக்கோ’ என்று போட்டிருக்கும். அதில் ஆரஞ்சு துளிகூடக் கிடையாது, தெரியுமா? அது இலையின் தரத்தைக் குறிக்கும் பெயர். ஆனால் ‘ஏர்ல் கிரே’ டீயில் உண்மையாகவே ஆரஞ்சு வம்சத்தின் மணம் இருக்கிறது: இத்தாலியின் தென்கோடிக் கலாப்ரியாவில் விளையும் பெர்கமாட் பழத் தோலின் எண்ணெய். உலகின் பெர்கமாட்டில் பெரும்பங்கு அந்த ஒரே கடற்கரையிலிருந்துதான் வருகிறது!

பால் டீக்குப் போடும் தூள் இங்கே வேண்டாம். அது சீக்கிரம் சாயம் இறங்கிக் கடுமையாகிவிடும். முழு இலை டீ வாங்குங்கள். நீலகிரியில் டிசம்பர், ஜனவரியில் உறைபனி விழும் நாட்களை ஒட்டிப் பறிக்கும் இலைக்கு ‘ஃப்ராஸ்ட் டீ’ என்றே தனிப் பெயர். குளிரில் மெல்ல வளர்வதால் மணம் செறிந்திருக்கும். இலங்கை மலையகத்து இலையும் இதற்குப் பிரமாதம். 1867-இல் கண்டிக்கு அருகே லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தொடங்கிய தேயிலையைப் பெரும் தொழிலாக வளர்த்தவை, தமிழ்நாட்டிலிருந்து போன நம் மக்களின் கைகள். இரண்டு இலை, ஒரு கொழுந்து என்று பறிக்கிறார்கள், இன்றும்.

பாலை ஏன் சேர்க்கக் கூடாது? எலுமிச்சைச் சாற்றின் அமிலம் பட்டால் பாலின் புரதம் திரிந்துவிடும். பன்னீர் செய்யும் முறையே அதுதான்.

கடைசியில் எலுமிச்சை, ஏன் தெரியுமா?

எலுமிச்சை சாதத்துக்கும் எலுமிச்சை ரசத்துக்கும் அடுப்பை அணைத்துவிட்டுத்தான் சாறு பிழிவோம். அடுப்பில் இருக்கும்போது பிழிந்தால் கசக்கும் என்பது நம் சமையலறைப் பாடம். சாறு கொதித்தால் மணம் ஆவியோடு போய்விடும், கசப்பு தலைதூக்கும், வைட்டமின் சி-யும் வெப்பத்தில் குறைந்துகொண்டே போகும். டீக்கும் அதே சட்டம்!

சாறு விழும் அந்த நொடியைக் கண்ணாடி டம்ளரில் பாருங்கள். கருஞ்சிவப்பாக இருந்த டீ, ஒரு தேக்கரண்டி எலுமிச்சை பட்டதும் பளீரென்று தேன் நிறமாக வெளுக்கிறது! தண்ணீர் கலந்ததால் அல்ல. டீயின் நிறப்பொருள்கள் அமிலத்தன்மைக்கு ஏற்ப நிறம் மாறுபவை.

ஆடு, மாடு, நாய், பூனை எல்லாம் வைட்டமின் சி-யைத் தங்கள் உடலிலேயே தயாரித்துக்கொள்கின்றன, தெரியுமா? மனிதனால் முடியாது! அதற்கான மரபணு நம்மிடம் இருக்கிறது, ஆனால் பழுதாகிக் கிடக்கிறது. இந்தக் குறையோடு மாதக்கணக்கில் கடலில் போன மாலுமிகள் ஈறு அழுகிச் செத்தார்கள். 1747 மே மாதம், ‘சாலிஸ்பரி’ கப்பலில் மருத்துவர் ஜேம்ஸ் லிண்ட் 12 நோயாளிகளை இரண்டிரண்டு பேராகப் பிரித்து ஆறு வகை வைத்தியம் செய்து பார்த்தார். சிலருக்குக் கடல்நீர், சிலருக்கு வினிகர், சிலருக்கு நீர்த்த கந்தக அமிலம்கூட! இரண்டு பேருக்கு மட்டும் தினம் இரண்டு ஆரஞ்சு, ஓர் எலுமிச்சை. ஆறு நாளில் பழம் தீர்ந்துவிட்டது. அதற்குள் அந்த இருவரும் தேறிவிட்டார்கள், ஒருவர் வேலைக்கே தயாராகிவிட்டார். ஆனாலும் பிரிட்டிஷ் கடற்படை எலுமிச்சைச் சாறு கொடுக்கத் தொடங்கியது 1795-இல்தான். பழத்துக்குள் இருந்த அந்தப் பொருளை 20-ஆம் நூற்றாண்டில் பிரித்தெடுத்த ஹங்கேரிய விஞ்ஞானி ஆல்பர்ட் சென்ட்-ஜியார்ஜிக்கு 1937-இல் நோபல்.

சளி வராமல் தடுக்குமா? இதில் உண்மையை மறைக்கக் கூடாது. பல ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்த 2013-ஆம் ஆண்டுக் காக்ரேன் ஆய்வறிக்கை, தினமும் வைட்டமின் சி எடுப்பது சாதாரண மக்களுக்குச் சளி வருவதைத் தடுப்பதில்லை, வந்த சளியின் நாட்களைப் பெரியவர்களுக்கு 8 சதவீதம், குழந்தைகளுக்கு 14 சதவீதம் அளவுக்குக் குறைக்கிறது என்கிறது. ஆனால் சூடான பானத்துக்குத் தனி மகிமை இருக்கிறது! 2008-இல் கார்டிஃப் பல்கலைக்கழகத்தில் சளிக்காய்ச்சல் கண்ட 30 பேரிடம் ஒரே பழப் பானத்தைச் சூடாகவும் சாதாரணமாகவும் கொடுத்துப் பார்த்தார்கள். மூக்கொழுகல், தும்மல், இருமலுக்கு இரண்டுமே இதம் தந்தன. தொண்டை வலி, குளிர் நடுக்கம், அசதி மூன்றுக்கும் இதம் தந்தது சூடான பானம் மட்டும்.

செய்முறை, நான்கு பேருக்கு

தண்ணீர் நான்கரை டம்ளர். தோல் சீவி நசுக்கிய இஞ்சி கட்டைவிரல் அளவு, இரண்டு அங்குலச் சுருள் பட்டை, நான்கு கிராம்பு, தட்டிய ஏலக்காய் மூன்று, மிளகு ஆறு. இஞ்சி ஒரு கொதி வந்ததும் மற்றவற்றைச் சேர்த்து, மூடி போட்டுச் சிறுதீயில் பத்து நிமிடம். அடுப்பை அணைத்து, இரண்டு தேக்கரண்டி இலை டீயும் ஓர் ஆரஞ்சின் சீவிய தோலும் போட்டு மூடுங்கள். மூன்றே நிமிடம், அதற்கு மேல் போனால் துவர்க்கும். வடிகட்டுங்கள். ஒரு முழு ஆரஞ்சின் சாறு, அரை எலுமிச்சையின் சாறு. இனிப்புக்குக் கருப்பட்டி போட்டால் கார மசாலாவோடு அது சேரும் விதமே தனி, பனங்கற்கண்டும் நன்று. தேன் என்றால் குவளையில் ஊற்றிய பிறகு.

ஊருக்கு ஊர் இதே டீ!

கோழிக்கோட்டில் பிரியாணி முடிந்ததும் வரும் சுலைமானி இதன் நெருங்கிய சொந்தம். கொல்கத்தாத் தெருக்களில் எலுமிச்சை டீயில் கறுப்பு உப்பைப் போட்டுக் கொடுப்பார்கள். இராக்கில் எலுமிச்சையைக் கறுக்கும்வரை காயவைத்து, உடைத்துக் கொதிக்கவைத்து ‘நூமி பஸ்ரா’ குடிக்கிறார்கள். கொரியாவில் யூஜாப் பழத்தைத் தோலோடு நறுக்கிச் சர்க்கரையிலோ தேனிலோ ஊறப்போட்டு, குளிர்காலம் முழுக்க ஒரு கரண்டி எடுத்து வெந்நீரில் கலக்குகிறார்கள். சீனாவின் சின்ஹுயியில் பச்சை ஆரஞ்சைக் குடைந்து உள்ளே பூஅர் டீயை அடைத்துத் தோலோடு காயவைக்கிறார்கள். அங்கே காய்ந்த ஆரஞ்சுத் தோல் பழையதாக ஆக ஆக விலை ஏறுகிறது! ஜப்பானில் குளிர்காலத்தின் மிகக் குறுகிய பகல் அன்று யூசுப் பழங்களை மிதக்கவிட்ட வெந்நீரில் குளிப்பது மரபு. இசு தீபகற்பத்து உயிரியல் பூங்கா ஒன்றில் கேபிபாரா என்ற பெரிய கொறிவிலங்குகளுக்கும் அந்தக் குளியல் உண்டு!

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் இந்த ஆரஞ்சு மசாலா டீக்கு ‘ரஷ்யன் டீ’ என்று பெயர். அங்கே பல வீடுகளில் அதை எதை வைத்துச் செய்தார்கள் தெரியுமா? டாங்க் பொடி, இன்ஸ்டன்ட் டீத்தூள், பட்டைப் பொடி, கிராம்புப் பொடி! 1962-இல் பூமியைச் சுற்றி வந்த முதல் அமெரிக்கர் ஜான் கிளென்னோடு விண்வெளிக்குப் போன அதே டாங்க். வசதிதான், ஆனால் பழத்தோலின் மணத்துக்குப் பொடி ஈடாகாது.

குடிக்கும் முன்பு இவற்றை மட்டும் மறக்காதீர்கள். 65 டிகிரிக்கு மேல் கொதிக்கக் கொதிக்கக் குடிக்கும் பானங்களை, புற்றுநோய் உண்டாக்க வாய்ப்புள்ளவை என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2016-இல் வகைப்படுத்தியது. ஐந்து நிமிடம் ஆறவிடுங்கள். ஒரு வயதுக்குட்பட்ட குழந்தைக்குத் தேன் தரவே கூடாது. ஆரஞ்சுக்குப் பதில் பம்பளிமாஸோ கிரேப்ஃப்ரூட்டோ சேர்க்க நினைத்தால், கொழுப்பு, ரத்த அழுத்த மாத்திரை சாப்பிடுபவர்கள் மருத்துவரைக் கேளுங்கள். சில மருந்துகளைச் சிதைக்கும் என்சைமை அந்தப் பழங்கள் முடக்கிவிடும். வயிற்றுப்புண் உள்ளவர்கள் இஞ்சி, மிளகு, எலுமிச்சை மூன்றையும் குறைத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் குட்டிப் பிள்ளைகள் இருந்தால் டீ இலைக்குப் பதில் வேலியில் பூத்த நீலச் சங்குப்பூ ஏழெட்டை வெந்நீரில் போடுங்கள். தண்ணீர் அடர் நீலமாகும். எலுமிச்சையை அவர்கள் கையில் கொடுத்துப் பிழியச் சொல்லுங்கள். நீலம் கண்ணெதிரே ஊதாவாக மாறும்! ஏன் என்று கட்டாயம் கேட்பார்கள். பூவின் நிறப்பொருளும் அமிலத்துக்கு நிறம் மாறும் என்று சொல்லிக் கொடுங்கள்.